கடைசி வரிசையில் ஒருவர்

"அந்த ஆளு இங்கேயும் வந்துட்டான்" என்றார் கேமராமேன் பியோ, குரலைத் தாழ்த்தி. "கடைசி வரிசை. சாம்பல் தொப்பி. முதல்ல தேகு, போன வாரம் புசான். இப்ப குன்சான். உன் பின்னாலேயே வர்றாம்மா."

புரொஜக்டர் அறையின் சிறு கண்ணாடி வழியாக ஹேரியோங் எட்டிப் பார்த்தாள்.

"போலீசுக்குச் சொல்லட்டுமா?"

"என்னன்னு சொல்வீங்கண்ணே? டிக்கெட் வாங்கிப் படம் பார்க்குறாருன்னா?"

திரையில் ஓடியது அவள் இயக்கிய நான்காவது படம். நூடுல்ஸ் கடையில் பாத்திரம் கழுவிக்கொண்டே எழுதி, நண்பர்களை நடிக்க வைத்து எடுத்தது. அரங்கில் மொத்தம் பதினோரு பேர்.

மழை நாளில் உப்பளத்துப் பக்கம் காணாமல் போகும் பள்ளி மாணவிதான் நான்கிலும் கதை. முதல் படத்தில் அவள் சால்வையைப் போர்த்திப் போவாள், அடுத்ததில் அப்பாவின் ஜாக்கெட், அதற்கடுத்ததில் வெறுந்தலை. இதில் சிவப்புக் குடை. "உனக்கு வேற கதையே வராதா?" என்று பியோ கேலி செய்யாத நாளில்லை.

படம் முடிந்து விளக்கு எரிந்தது. ஹேரியோங் மைக்கைப் பிடித்தாள். எந்த ஊரிலும் அவள் கேட்பது ஒன்றுதான்.

"படத்துல எது தப்பா இருந்தாலும் தயங்காம சொல்லுங்க."

முடிவு புரியவில்லை என்றார் ஒருவர். ஒரு மாணவி வெட்கத்தோடு பாராட்டினாள். எல்லோரும் கிளம்பிப் போனார்கள். தொப்பிக்காரர் மட்டும் எழவில்லை.

பியோ அவள் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தார். "வா, பின்பக்கமா போயிடலாம்."

அவள் கையை விடுவித்துக்கொண்டு, நேராகக் கடைசி வரிசைக்கு ஏறிப் போனாள். பதறிப்போய்ப் பியோவும் பின்தொடர்ந்தார்.

தொப்பிக்காரருக்கு அறுபது வயதிருக்கும். சாந்தமான சிரிப்பு.

"மூணாவது தடவை பார்க்குறீங்க. பிடிச்சிருக்கா சார்?"

"ரொம்ப. ஒண்ணுதான் உறுத்துது. அந்தப் பொண்ணு கையில குடை இருக்கக் கூடாது."

"அப்புறம்?"

"மழைக்கோட்டு. மஞ்சக் கலர்ல." அவர் தன் நெஞ்சின் நடுவே விரலால் மெல்லத் தொட்டுக் காட்டினார். "இந்த இடத்துல பித்தான் அறுந்து, சின்னதா ஒரு ஊக்கு மாட்டியிருக்கணும். அப்பத்தான் நிஜம் மாதிரி இருக்கும்."

பியோ விழித்தார். நான்கு திரைக்கதையிலும் அப்படி ஒரு கோட்டு கிடையாது.

ஹேரியோங் இறங்கிப் போய், அரங்கின் கதவை உட்பக்கமாகத் தாழிட்டாள். "இப்பக் கூப்பிடுங்கண்ணே போலீசை" என்றாள்.

தொப்பிக்காரர் முகத்திலிருந்த சிரிப்பு முதல்முறையாக மறைந்தது. "எதுக்கும்மா?"

கதவில் சாய்ந்தபடி அவள் சொன்னாள்.

"அன்னைக்குக் காலைல எங்கக்கா கோட்டுல அந்த ஊக்கை மாட்டி விட்டது நான்தான்."