வாலைத் தூக்கிய பங்காளிகள்

சடையன் என்ற பெருச்சாளிக்கு முதல் துரோகம் செய்தவன் கூடப்பிறந்த அண்ணன் வீரணன்தான்.

அரிசி ஆலைக்கு அடியில் இருவரும் சேர்ந்து ஒரு வளை தோண்டினார்கள். சேர்க்கும் நெல்லில் ஆளுக்குப் பாதி. எதையும் முடிவு செய்யப் பங்குள்ளவர்கள் கூடி வாலைத் தூக்குவார்கள். அதிக வால் எந்தப் பக்கமோ அதுதான் முடிவு.

வீரணனுக்கு ஒரே பேற்றில் எட்டுப் பிள்ளைகள் பிறந்தன. பெயர் வைக்கச் சடையனைத்தான் கூப்பிட்டார்கள்.

"சித்தப்பன் வாயால் இதுகளுக்கும் எங்கள் பாதியிலிருந்து ஆளுக்கு ஒரு பங்கு சொல்லிவிடுங்களேன்" என்றாள் அண்ணி.

"நம்ம பிள்ளைகள்தானே" என்று பெருமையோடு வாலைத் தூக்கினான் சடையன்.

தை பிறந்ததும் தன் நெல்லைக் கேட்டான்.

"இந்த வருஷம் பிரிக்க வேண்டாம், வளையைப் பெரிதாக்குவோம்" என்றான் வீரணன். எட்டுக் குட்டி வால்களும் நிமிர்ந்தன.

சடையன் தன் ஒட்டிய வயிற்றைப் பார்த்தான். அண்ணியின் தடித்த கழுத்தைப் பார்த்தான்.

"அண்ணிக்கு மட்டும் எங்கிருந்து வந்தது இந்தச் சதை?"

"வளையைக் கூட்டிப் பெருக்குகிறாளே, அதற்குக் கூலி."

"என் பாதியைக் கொடு, நான் போகிறேன்."

"தாராளமாகப் போ. பங்கு எங்கே ஓடப்போகிறது? உள்ளேதான் இருக்கும்."

அடுத்த பேற்றுக்கும் பெயர் வைக்கக் கூப்பிட்டார்கள். இந்த முறை சடையன் தன் வாலின்மேல் அழுத்தமாக உட்கார்ந்துகொண்டான். புதுக் குட்டிகளுக்குப் பங்கு கொடுக்க அண்ணன் பிள்ளைகளின் வால்களே போதுமாக இருந்தன.

அவன் பாதி இன்னும் உள்ளேதான் இருக்கிறது.