வெறும் சுவர்

கமலவேணிக்கு முதல் படத்தில் ஒரே ஒரு ஷாட்தான். இரட்டைப் பின்னல் போட்டுவிட்டு, "அந்தச் சுவரைப் பாத்து அலறும்மா. எதிர்ல என்னங்கறதை அப்புறம் எடுத்துக்கலாம்" என்றார் டைரக்டர். அலறினாள். படம் வந்தபோது சுவர் இருந்த இடத்தில் புலி நின்றது. பட முதலாளி பிலிமை வீணாக்காதவர். அடுத்தடுத்த படங்களிலும் அந்த அலறலையே ஒட்டிக்கொண்டார். கொள்ளைக்காரனுக்கும் பிணத்துக்கும் அதே வாய், அதே கண்.

தலை நரைத்த பிறகு ஒருநாள் மறுபடியும் கூப்பிட்டு அனுப்பினார்கள். முடியை விரித்துவிட்டு, "சும்மா நேரா பாருங்க, போதும்" என்றார்கள்.

"எதிர்ல யாரு?"

"அதெல்லாம் இருக்கும்மா."

படம் வந்ததும் பக்கத்து வீட்டு ஸ்டெல்லாவோடு கொட்டகைக்குப் போனாள். திரையில் நரைத்த கமலவேணி வந்து நின்று நேராகப் பார்த்தாள். மறுகணம் இரட்டைப் பின்னல் போட்ட ஒருத்தி அவளைப் பார்த்து அலறினாள்.

ஸ்டெல்லா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "யாருக்கா அந்தப் பொண்ணு? உங்களைப் பாத்து இப்படிப் பயப்படுறா?"

அன்றைக்கு அலறியபோது எதிரே இருந்தது வெறும் சுவர் என்றுதான் இத்தனை காலமும் கமலவேணி நினைத்திருந்தாள்.