விளக்கில்லாத வண்டி

“வண்டியில லாந்தர் எரிஞ்சுதுன்னு ஒரு வார்த்தை சொல்லிருங்க தாயி. லாரி டிரைவர் அத மறுத்துப் பேசமாட்டான். அதுக்கு நான் பொறுப்பு.”

ராக்காயி விபத்தில் தப்பிய ஒற்றைக் காளையின் முன்னங்காலில் வேப்பெண்ணெய் தடவிக்கொண்டிருந்தாள். வந்தவருக்கு நாற்பது வயதிருக்கும். சலவைச் சட்டை, கையில் துணிப்பை. மறுநாள் மதுரைக் கோர்ட்டில் சாட்சி விசாரணை என்று அவரே சொன்னதால், தன் வக்கீல் அனுப்பிய ஆள் என்று அவளாகவே முடிவு கட்டிக்கொண்டாள். அவரும் இல்லையென்று சொல்லவில்லை.

“வக்கீலய்யாவும் இதத்தான் சொன்னாரு, அண்ணாச்சி. நான் மாட்டேன்னுட்டேன்.”

“விடியாத இருட்டுல விளக்கில்லாம ரோட்டுல போனது வண்டிக்காரன் தப்புதானேன்னு நாளைக்குக் கேப்பாக. ரெண்டு பக்கமும் தப்புன்னு ஆயிட்டா நஷ்டஈடு பாதிதான் கெடைக்கும். ஆறாயிரம் மூவாயிரமாயிரும்.”

செத்தவன் மேல் பாதித் தப்பு என்றால் பிழைத்துக் கிடப்பவர்களுக்குப் பாதிச் சோறு. கோர்ட்டுக் கணக்கு அப்படித்தான். ராக்காயிக்கும் அது தெரியாமலில்லை. ஆறாயிரம் வந்தால் புது வண்டியும் இன்னொரு காளையும் வாங்கிக் கொழுந்தன் கையில் கொடுக்கலாம். இரண்டு பெண் பிள்ளைகளும் பள்ளிக்கூடம் போவார்கள். மூவாயிரம் பழைய வண்டிக்கடனுக்கே சரியாகப் போய்விடும். அப்புறம் தாயும் மக்களுமாகத் தீப்பெட்டி ஆபீசுக்குக் கூலி வேலைக்குப் போகவேண்டியதுதான்.

“எங்க வீட்டுக்காரரு ஏத்திட்டுப் போனது வெடி லோடு” என்றாள். “வெயிலுக்கு முன்னால சாத்தூர் கிட்டங்கியில எறக்கணும்னு மூணு மணிக்கே வண்டி பூட்டிட்டுப் போனாரு. வெடி லோடு வண்டியில எவனாவது நெருப்பத் தொங்கவிடுவானா? சிவகாசியில பீடி குடிக்கிற வண்டிக்காரனுக்கே லோடு தரமாட்டாக.”

“எனக்குத் தெரியும் தாயி. கோர்ட்டுக்குத் தெரியாதே.”

“பதினெட்டு சீசன் ஒரு பொறி விழாம லோடு கொண்டுபோன மனுசன். வெடி வண்டியில விளக்கு கட்டுனாருன்னு பொண்டாட்டியே சொன்னா, அவரு பேரு என்னாகும்? என் கொழுந்தனுக்குத்தான் எந்தக் கம்பெனி லோடு குடுக்கும்?”

வந்தவர் தலை குனிந்தே இருந்தார். காளையின் பக்கம் அவர் திரும்பவே இல்லை.

“இன்னொண்ணும் இருக்கு, அண்ணாச்சி. லாரி பின்னால வந்து முட்டுன முட்டுல வண்டி ரெண்டா ஒடஞ்சுது. இவரு அங்கனயே போயிட்டாரு. ஆனா ஒரு சரம் வெடிக்கல. விளக்கு மட்டும் எரிஞ்சிருந்தா அந்த டிரைவரும் சேந்து கருகியிருப்பாரு. அவருக்கும் புள்ளகுட்டி இருக்குமில்ல? எங்க வீட்டுக்காரரு விளக்கு ஏத்தாமப் போனதாலதான் இன்னைக்கு அந்த வீட்டுல உலை கொதிக்குது. அத இல்லன்னு என் வாயால சொல்லமாட்டேன்.”

அவள் கொடுத்த செம்புத் தண்ணீரைக் குடிக்காமலே கீழே வைத்தார் அவர். எழுந்து துணிப்பையை எடுத்துக்கொண்டார்.

“நீங்க உள்ளதையே சொல்லுங்க தாயி” என்று சொல்லிவிட்டு நடந்தார்.

மறுநாள் கூண்டில் ராக்காயி உள்ளதையே சொன்னாள். “விளக்கு இல்லைங்கய்யா. வெடி லோடுக்கு நாங்க விளக்கு கட்டமாட்டோம்.”

லாரி முதலாளியின் வக்கீல் அதற்குமேல் ஒன்றும் கேட்கவில்லை. அவளுடைய வக்கீல் நெற்றியில் கை வைத்துக்கொண்டார். ராக்காயி கூண்டிலிருந்து இறங்கினாள். புருஷன் பேரைக் காப்பாற்றிவிட்டுப் பெற்ற பிள்ளைகளைத் தெருவில் விட்டுவிட்டோமோ என்று மனசு கிடந்து அடித்துக்கொண்டது.

அடுத்த சாட்சியாக லாரி டிரைவர் சோலைமலையைக் கூப்பிட்டார்கள். அதுவரை அந்த ஆளை ராக்காயி பார்த்ததில்லை. பார்த்ததில்லை என்றுதான் நினைத்திருந்தாள். கூண்டில் ஏறியவர், நேற்று வீட்டுக்கு வந்த அண்ணாச்சி.

“வண்டியில் விளக்கு இல்லாததால்தானே உமக்கு அது தெரியவில்லை?” என்று கேட்டார் முதலாளியின் வக்கீல், சொல்லிக்கொடுத்த பதில் வரும் என்ற தைரியத்தில்.

சோலைமலை ராக்காயி இருந்த பக்கம் பார்த்துக் கும்பிட்டுவிட்டு நீதிபதியிடம் திரும்பினார்.

“நூறு விளக்கு எரிஞ்சிருந்தாலும் எனக்குத் தெரிஞ்சிருக்காதுங்கய்யா. நான் தூங்கிட்டேன்.”