வெட்கங்கெட்ட நாடகம்

“வெக்கங்கெட்ட நாடகம்! நேத்து என்ன காட்டுனாம்னு கேட்டியளா?”

சாப்பாட்டு மணி அடித்ததுமே செல்லத்தாய் ஆரம்பித்துவிட்டாள்.

மண்ணரையில் ஒரு பனியன் கம்பெனியில் அவளுக்குச் செக்கிங் வேலை. டிபன் பாக்ஸைத் திறந்தால் சீரியல் கதையும் கூடவே வரும். ஸ்கூல் முடிக்கப்போகிற ஒரு பெண்ணின் காதல் கதை.

சுற்றி உட்கார்ந்து கேட்பதெல்லாம் பதினெட்டு, பத்தொன்பது வயசு ஹாஸ்டல் பெண்கள். ஹாஸ்டலில் டி.வி. கிடையாது.

சூப்பர்வைசர் பொன்னாத்தாளுக்கு இது துளியும் பிடிக்கவில்லை. வயசுப் புள்ளைகளிடம் பேசுகிற பேச்சா இது? இன்றைக்கு நேராகவே கேட்டுவிடுவது என்று வந்து நின்றாள்.

“அந்தப் பய, ஞாயித்துக்கிழமை தனியா ரூமுக்குக் கூப்பிடுதான். வரலைன்னா லவ்வே இல்லைன்னு சொல்லுதான்” என்றாள் செல்லத்தாய்.

பெண்கள் ஒருத்தியை ஒருத்தி இடித்துக்கொண்டு சிரித்தார்கள்.

செல்லத்தாயின் பக்கத்து டேபிளில் வேலை பார்க்கும் அன்புசெல்வி மட்டும் சிரிக்கவில்லை. காலையில் போன் பேசிவிட்டு வந்ததிலிருந்தே அவள் முகம் சரியில்லை.

“அந்தப் புள்ள போச்சுங்களாக்கா?” என்று கேட்டாள்.

“எங்க போவா? ‘எனக்குப் பிடிக்கல, வரமாட்டேன்’னு சொல்லிட்டா.”

“அவன் கோவிச்சுக்கலீங்களா?”

“கோவிச்சா போறான். வரமாட்டேன்னதும் போற லவ்வு, இருந்து என்ன செய்ய?”

“அவகூட எடுத்த போட்டோவை எல்லாத்துக்கும் அனுப்பிருவேன்னு சொன்னா...?” அன்புசெல்வி டிபன் பாக்ஸை மூடி வைத்தாள்.

சிரிப்பு நின்றது.

செல்லத்தாய் நிதானமாக ரசத்தை ஊற்றிக்கொண்டாள்.

“அதையுந்தான் சொன்னான். அவ நம்பிக்கையான ஒரு அக்காட்ட போயி எல்லாத்தையும் சொல்லிட்டா. அந்த அக்கா ஒத்த வார்த்த வையல. நேரா மகளிர் ஸ்டேஷனுக்குக் கூட்டிட்டுப் போனா. ‘தப்பு உம்மேல இல்ல, அவன்தான் வெக்கப்படணும்’னு அங்கன சொல்லி அனுப்புனாவ. கருமம், இதையெல்லாம் டி.வி.ல போடுதானுவ!”

கை கழுவும் இடத்தில் அன்புசெல்வி, பொன்னாத்தாளின் பக்கத்தில் வந்து நின்றாள். குழாயை மூடாமல் தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“அக்கா... சாயந்தரம் என்றகூட ஒரு எடத்துக்கு வர்றீங்களா?”

“வர்றேன் கண்ணு.”

எங்கே என்று பொன்னாத்தாள் கேட்கவில்லை.

செல்லத்தாயிடம் கேட்க வந்ததையும் கேட்கவில்லை.

அந்தச் சீரியலைத் தினமும் தவறாமல் பார்ப்பவள்தான் பொன்னாத்தாளும். நேற்று கிரிக்கெட் மேட்ச் போட்டதால் அது வரவே இல்லை.