ஒல்லிப் புத்தகம்

"இருக்கு சார். இல்லைன்னு நான் சொல்லவே இல்லையே. உங்க அப்பாவுக்குத் தரமாட்டேன்னுதான் சொன்னேன்."

புத்தக வண்டிக்காரர் இப்படிச் சொன்னதும் மகனுக்குச் சுர்ருன்னு ஏறிடுச்சு.

ஆஸ்பத்திரி வார்டு. சாயங்காலம், நோயாளிகளைப் பார்க்க வர்ற நேரம். வண்டின்னா மூணு தட்டு வச்ச தள்ளுவண்டி. மேல் தட்டுல கதை, நடுத்தட்டுல சரித்திரம், அடித்தட்டுல ஆராய்ச்சி. எல்லாம் யார் யாரோ தானமா கொடுத்தது. எறும்புகளைப் பத்தின ஆராய்ச்சியும் கிடக்கும், மாமியாரைக் கொன்ன மருமகன் கதையும் கிடக்கும். "மாத்திரைக்கு நடுவுல ஆளுக்கு ஒண்ணு முழுங்குங்க"ன்னு சொல்லிக்கிட்டே வண்டிக்காரர் தள்ளிக்கிட்டு வருவாரு.

"அப்பா கேட்டது ஒரு சின்னக் கதைப் புத்தகம். நீங்க நீட்டறது செங்கல்லு. பாலங்களோட சரித்திரமாம்! டம்ளரையே தூக்க முடியாத மனுஷன், பாலத்தையா தூக்குவாரு?"

"வயித்து மேல வச்சுக்கிட்டுப் படிக்கலாம் சார்."

பக்கத்துப் படுக்கை லாரி டிரைவர் சிரிச்சாரு. சிரிப்பு பாதியிலேயே நின்னு போச்சு. அவருக்கு மறுநாள் காலையில ஆபரேஷன். கொஞ்சம் முன்னாடி வண்டிக்காரர் கொடுத்த ஒல்லியான கதைப் புத்தகத்தை, திறக்காமலே தலகாணி ஓரத்துல கவுத்து வச்சிருந்தாரு.

"எனக்கும் அந்த மாதிரி சின்னதே போதும்ப்பா"ன்னாரு அப்பா. தையல்காரரா இருந்தவரு. கையெல்லாம் இப்போ நூலா இளைச்சுக் கிடந்துச்சு.

"மன்னிச்சுக்கங்க அய்யா. உங்களுக்கு இதுதான்." வண்டிக்காரர் அந்தச் செங்கல்லை அப்பா பக்கத்துல வச்சுட்டாரு.

"என்னய்யா, உன் சொந்தச் சொத்தா இது? உன் மேல புகார் கொடுக்கறேன் பாரு!"

"தாராளமா கொடுங்க சார். அதுக்கு முன்னாடி ரெண்டு நிமிஷம் வெளியில வாங்க."

வராந்தாவுக்கு வந்ததும் வண்டிக்காரர் குரலைத் தாழ்த்தினாரு.

"எனக்கு முன்னாடி இந்த வண்டியை ஒரு அம்மா தள்ளிக்கிட்டு இருந்தாங்க. தங்கமான மனசு. ரொம்ப முடியாதவங்களுக்குன்னு தேடித் தேடி ஒல்லிப் புத்தகமா கொடுப்பாங்க. பாவம், பாதியில விட்டுட்டுப் போகக் கூடாது, ஒண்ணையாவது முடிச்சுட்டுப் போகட்டும்னு."

"நல்லதுதானே?"

"நல்லதுதான். ஆனா படுத்திருக்கறவங்களுக்கு வேற என்ன வேலை? அடுத்தவன் கையைப் பாக்கறதுதான் வேலை. யாருக்கு ஒல்லி வந்துச்சோ அவங்க படுக்கை காலியாகுதுன்னு கண்டுபிடிச்சுட்டாங்க. இப்போ இந்த வார்டுல அது ஒரு வழக்கமாவே ஆகிப் போச்சு. ஒல்லி வந்தா ஆள் அவ்வளவுதான். தடிசு வந்தா இன்னும் நாள் இருக்குன்னு அர்த்தம். போன மாசம் ஒருத்தரு ஒல்லியைப் பாத்ததும் சோத்துத் தட்டைத் தள்ளி வச்சவருதான், அப்புறம் எழுந்திரிக்கவே இல்ல."

மகன் வராந்தா சுவத்துல சாஞ்சுக்கிட்டான்.

"இன்னிக்குன்னு பாத்து தடிசெல்லாம் பொம்பளைங்க வார்டுலயே தீந்து போச்சு. மிச்சம் இருந்தது பாலம் ஒண்ணுதான். டிரைவருக்குச் சின்ன ஆபரேஷன், சமாளிச்சுக்குவாரு. அதான் அப்பாவுக்குன்னு ஒதுக்கி வச்சேன்."

"டாக்டர் காலையில என்கிட்ட சொன்னது... உங்களுக்கு யாரு சொன்னா?"

"யாரும் சொல்லல சார். எல்லாரையும் அதட்டற நர்ஸம்மா, இன்னிக்கு உங்க அப்பாவை மட்டும் அதட்டல."

மகன் சுவத்தைப் பாத்துத் திரும்பிக்கிட்டான். மூக்கை உறிஞ்சிட்டு, முகத்தைத் துடைச்சுட்டுத்தான் உள்ளே வந்தான்.

உள்ளே டிரைவர் எழுந்து உக்காந்திருந்தாரு. மடியில பாலங்களோட சரித்திரம்!

"அண்ணே, இங்க பாருங்க! தண்ணிக்குள்ள தூணை எப்படி இறக்கியிருக்கான்! இத்தனை வருஷமா இது மேலதான் கண்ணை மூடிக்கிட்டு ஓட்டியிருக்கேன். இதை முடிக்க எனக்கு ரெண்டு மாசமாவது ஆகும் போலிருக்கே!"

சொல்லும்போதே மனுஷனுக்கு அப்படி ஒரு சந்தோஷம்.

அந்த ஒல்லிப் புத்தகம் அப்பாவோட நெஞ்சு மேல இருந்துச்சு.

"அப்பா... அதை ஏன் நீங்க வாங்கினீங்க? அது..."

"மெதுவாப் பேசுடா." அப்பா கண்ணாலேயே பக்கத்துல கூப்பிட்டாரு. "எனக்கு இந்த வார்டு வழக்கத்தைச் சொன்னதே அவன்தான். நேத்து சொல்லும்போதே நடுங்கினான். இன்னிக்கு வண்டி வந்தப்போ பாத்தேன், தடிசு ஒண்ணுதான் இருந்துச்சு. அது அவனுக்குப் போகட்டும்னுதான் நான் சின்னது கேட்டேன். நீங்க ரெண்டு பேரும் வெளியில போனதும், கனமா இருக்கு, மாத்திக்கலாமான்னு கேட்டேன். பிடுங்காத குறையா வாங்கிக்கிட்டான்."

"அப்போ உங்களுக்கு..."

"எனக்கென்னடா? காலையில நீ டாக்டர் ரூம்லேருந்து வந்தியே, அப்பவே உன் மூஞ்சியில படிச்சு முடிச்சுட்டேன்."

பின்னாடியே உள்ளே வந்திருந்த வண்டிக்காரர், நேரா இருந்த புத்தகங்களையே மறுபடி நேராக்கிக்கிட்டு நின்னாரு.

"யோவ் டிரைவர்! உக்காரக் கூடாதுன்னு எத்தனை தடவை சொல்றது? வண்டிக்காரரே, உங்களுக்குத் தனியாச் சொல்லணுமா? அடுத்த வார்டுல காத்துக்கிட்டிருக்காங்க!" வாசல்லேருந்து நர்ஸம்மா போட்ட சத்தத்துல ஜன்னல் அதிர்ந்துச்சு.

அப்புறம் அதே நர்ஸம்மா அப்பாவைப் பாத்து மெதுவா, "வெளிச்சம் போதுமா அய்யா?"ன்னாங்க.

"போதும்மா." அப்பா புத்தகத்தை மகன் பக்கமா நகத்தினாரு. "முதல் பக்கத்துலேருந்து படிடா. சின்னதுதானேன்னு அவசரப்படாதே."

"வந்துட்டேன் சிஸ்டர்"னு வண்டிக்காரர் திரும்பிப் பாக்காம வண்டியைத் தள்ளிக்கிட்டுப் போனாரு.