அபராதக் கவுண்டரில் ஒரு தூக்கம்

நோட்டீஸை வாங்கி ஒரு தடவை படித்தார் கேஷியர். கொட்டாவி விட்டார். அப்படியே நாற்காலியில் சாய்ந்து தூங்கிப் போனார்.

கோர்ட்டின் அபராதக் கவுண்டர் முன்னால் பணமும் கையுமாக நின்றாள் பழவண்டிக்காரம்மா. வரிசையில் அவள்தான் கடைசி.

"சார்... சார்..."

குறட்டைதான் பதில். வெளியே தூறல். மேலே மின்விசிறியும் அரைத் தூக்கத்தில் சுற்றிக்கொண்டிருந்தது.

பெஞ்சில் இருந்த வக்கீல் குமாஸ்தாவுக்குப் பொறுக்கவில்லை.

"சம்பளம் வாங்கிட்டுத் தூங்குறாரு பாரு! எவ்வளவும்மா அபராதம்?"

"ரோட்டுல வண்டி நிறுத்தினதுக்குக் கொஞ்சம்தாங்க. அப்போ கட்ட வக்கில்ல. வருஷக்கணக்கா தாமதக் கட்டணம், நோட்டீஸ் கட்டணம்னு குட்டி போட்டுடுச்சு. இன்னைக்குள்ள கட்டலன்னா வண்டியைத் தூக்கிடுவாங்களாம். அந்த வண்டியையே அடகு வச்சுப் பணம் வாங்கிட்டு வந்திருக்கேன்."

உச்சுக் கொட்டிவிட்டு எழுந்து போனார் குமாஸ்தா.

நின்றபடியே அவளுக்கும் கண் சொக்கியது. தூறலில் வண்டி தானாக உருண்டு போகிறது. ஆரஞ்சுப் பழங்கள் ஒவ்வொன்றாக விளக்குப் போல எரிகின்றன. அவள் பின்னாலேயே ஓடுகிறாள், எட்டவில்லை.

கவுண்டர் மூடும் மணி அடித்தது. கேஷியர் சட்டென்று நிமிர்ந்து, கவுண்டர் கதவை இழுத்துப் பூட்டினார்.

"ஐயோ சார்! உங்க தூக்கத்துல என் பொழப்பே போச்சே! நீங்க நல்லா இருப்பீங்களா?"

வாசலில் நின்று அழுதுகொண்டிருந்தவள் பக்கத்தில் வந்தார் கேஷியர். அக்கம்பக்கம் பார்த்துவிட்டு, குடையை அவளுக்கும் சேர்த்துப் பிடித்தார்.

"பழைய அபராதத்துக்கும் ஒரு ஆயுசு உண்டும்மா, அதுக்குள்ள வசூல் பண்ணலன்னா செல்லாது. உன்னோடது இன்னையோட முடிஞ்சுது. அதுக்குத்தான் அவ்வளவு அவசரமா மிரட்டியிருக்காங்க. ஒரு ரூபா வாங்கி ரசீது போட்டிருந்தாக்கூட அது மறுபடி உயிரோட எழுந்து உட்கார்ந்திருக்கும். கவுண்டர்ல வச்சு இதைச் சொன்னா என் வேலை போயிடும்."

அவள் மலங்க மலங்க விழித்தாள்.

"இனி யாரும் உன்கிட்ட பைசா கேட்க முடியாது. இப்பவே போய் இந்தப் பணத்தைக் கொடுத்து வண்டியை மீட்டுக்கோ."

"அப்போ... நீங்க தூங்கலையா சார்?"

"எங்க தூங்குறது? பொய்க் குறட்டை விட்டு விட்டுத் தொண்டையே எரியுது. நாளைக்கு வண்டியில எனக்கு ஒரு ஆரஞ்சு எடுத்து வை... காசுக்குத்தான்!"