அக்காவின் முகம்

தஜிகிஸ்தானின் குஜாந்த் விமான நிலையத்தில், மாஸ்கோவிலிருந்து வரும் சவப்பெட்டிகளை உறவினர்களிடம் ஒப்படைப்பது என் வேலை. அன்று தஹ்மினா என்ற இளம் பள்ளி ஆசிரியை வந்திருந்தாள். பெட்டியைத் திறந்ததும் இரண்டடி பின்வாங்கினாள்.

"இது என் அக்கா மெஹ்ராங்கிஸ் இல்லைண்ணா. யாரோ கிழவி."

"காகிதத்துல அந்தப் பேர்தான் இருக்கு, தங்கச்சி."

"பெட்டியை மாத்தி அனுப்பிட்டாங்க. நீங்களே பாருங்க!"

பார்த்தேன். முழுக்க நரைத்த தலை, குழிவிழுந்த கன்னம், குளிரில் வெடித்துக் கறுத்த தோல். அறுபது வயது சொல்லலாம்.

"அக்காவைக் கடைசியா எப்பப் பார்த்தீங்க?"

"பதினாறு வருஷமாச்சு. அங்க தெருவுல பனி அள்ளுற வேலை. அவ உழைச்சுத்தான் என்னைப் படிக்க வச்சா. போன்ல முகம் மட்டும் காட்டவே மாட்டா. கேட்டா, கேமரா கெட்டுப்போச்சும்பா."

"உடம்புல அடையாளம் ஏதாவது உண்டா?"

"சின்ன வயசுல ரொட்டி சுடும்போது இடது முழங்கை வெந்துபோச்சு."

துணியை விலக்கி, கையை மெல்லத் திருப்பினேன். பழைய தீத்தழும்பு இருந்தது.

தஹ்மினா குனிந்து அந்த முகத்தை இரண்டு கைகளாலும் ஏந்திக்கொண்டாள். கண்ணீர் அதன் சுருக்கங்களில் விழுந்தது.

ஆறுதலாக ஏதாவது சொல்ல நினைத்தேன்.

"வயசானா முகம் மாறத்தானே செய்யும், தங்கச்சி. அக்கா உங்களைவிட ரொம்ப மூத்தவங்களோ?"

அவள் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள்.

"கால் மணி நேரம்" என்றாள்.